ஒரு நாளைக்கு ஒன்பது பலம்

எனக்குக் கணக்கு என்றால் பயம் கிடையாது. சிலருக்குப் பாம்பைக் கண்டால் பயம் இருக்காது, அந்த மாதிரி. மருத்துவச்சிப் பயிற்சியில் சேர்ந்தபோது கூடப் படித்த பெண்கள் பிரசவத்தைப் பார்த்துப் பயப்படவில்லை, ரத்தத்தைப் பார்த்துப் பயப்படவில்லை. மருந்துக் கணக்கு வந்தால் மட்டும் முகம் வெளுத்துவிடுவார்கள். "கையில் இருப்பது அரை கிரெயின் எடை மாத்திரை. நோயாளிக்குக் கொடுக்க வேண்டியது எட்டில் ஒரு கிரெயின். மாத்திரையில் எத்தனை பங்கு கொடுப்பாய்?" என்று கேள்வி வரும். எல்லோரும் குனிந்துகொள்வார்கள். நான் மட்டும் தெரியாத பங்கை எக்ஸ் என்று வைத்துக்கொண்டு, அரையை எந்தப் பங்கால் பெருக்கினால் எட்டில் ஒன்று வரும் என்று பார்த்து, கால் பங்கு என்று எழுந்து நின்று சொல்லிவிடுவேன். தெரியாத ஒன்றுக்கு ஒரு பெயர் வைத்துவிட்டால் அது பாதி தெரிந்த மாதிரிதான் என்று அப்போதே எனக்குத் தோன்றியிருந்தது.

வீடு மயிலாப்பூரில், குளத்துக்குத் தெற்கே ஒரு சந்தில். அப்பா அச்சகத்தில் எழுத்துக் கோர்ப்பவர். பயிற்சி முடிந்ததும் என்னை அடையாற்றில் இருந்த ஒரு சின்னப் பிரசவ நிலையத்துக்குப் போட்டார்கள். யுத்த காலம். பஸ் வந்தால் பஸ், வராவிட்டால் பாலத்தைத் தாண்டி நடை. நிலையத்தில் ஒரு மேஜை, இரண்டு கட்டில், கொதிக்க வைக்க ஒரு ஸ்டவ், நான், எனக்கு ஒத்தாசையாக ஒரு ஆயா. கட்டிலில் பிரசவம் நடந்ததைவிடக் கடலோர மீனவர் குப்பத்துக் குடிசைகளில் நடந்ததுதான் அதிகம். கறுப்புப் பையைத் தூக்கிக்கொண்டு, ஒரு பெரிய தோட்டத்தின் மதிலோரமாகப் போய், சவுக்குத் தோப்பைக் கடந்து, மணலில் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு நடப்பேன். எனக்கு இருபத்தோரு வயது. குப்பத்துப் பெண்கள் முதலில் என் பையைப் பார்ப்பார்கள், அப்புறம் என் முகத்தைப் பார்ப்பார்கள், "வேற பெரியவங்க யாரும் வர்லியா?" என்று கேட்பார்கள்.

ஐப்பசி மழை பிடித்துக்கொண்ட சமயம், ஒரு நாள் விடிகிற நேரத்தில் கட்டுமரக்காரர் ஒருவர் நிலையத்துக் கதவைத் தட்டினார். தலை முதல் கால் வரை நனைந்திருந்தார். வீட்டுக்காரிக்கு வலி எடுத்துவிட்டதாம், இன்னும் ஒரு மாதம் இருக்கிறதாம். முதல் பிரசவம். நான் போனபோது அந்தப் பெண் கூரைக் கொம்பைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தாள். என்னைவிட இரண்டு வயது சிறியவளாக இருப்பாள். மதியத்துக்குள் ஒரு பெண் குழந்தை பிறந்தது. கையில் எடுத்தபோது ஈரத்துணியை எடுத்த மாதிரிதான் இருந்தது. ஆனால் அழுதது. நன்றாகவே அழுதது.

மூன்றாம் நாள் போய்ப் பார்த்தபோது தாய்க்கு உடம்பு நெருப்பாகக் கொதித்தது. பல் கிட்டிக்கொண்டு நடுங்கினாள். பிரசவக் காய்ச்சலை நாங்கள் எதிரி மாதிரி அடையாளம் தெரிந்து வைத்திருந்தோம். "ஒரு நிமிஷம் கூடத் தாமசிக்கக் கூடாது, ஜட்கா வண்டி கூப்பிடுங்க அண்ணே" என்றேன். நானும் ஏறிக்கொண்டேன். குழந்தை என் மடியில். நகரத்து ஆஸ்பத்திரியில் தாயைச் சேர்த்துக்கொண்டார்கள். லேடி டாக்டர் குழந்தையைப் பார்த்தார். காய்ச்சல் வார்டில் அதை வைத்துக்கொள்ள முடியாது, தாய்ப்பாலும் இப்போது கொடுக்க முடியாது என்றார்.

"வீட்டில் பார்த்துக்கொள்ள யார் இருக்கிறார்கள்?"

"குழந்தையோட அப்பாவுக்கு ஒரு அக்கா வீட்டிலேயே இருக்காங்க டாக்டர். தைரியசாலி."

"சரி. பசும்பால்தான் வழி. ஒரு நாள் முழுக்க அது குடிக்க வேண்டியது, உடம்பு எடையில் ஆறில் ஒரு பங்கு. அந்த ஆகாரத்தில் மூன்றில் இரண்டு பங்கு பால், மீதி கொதித்து ஆறின தண்ணீர். துளி சர்க்கரை. எட்டு வேளையாகப் பிரித்துக் கொடு. அதிகமானால் வாந்தி, குறைந்தால் வாடிவிடும். உன்னால் முடியுமா?"

"முடியும்" என்றேன். டாக்டர் நிமிர்ந்து பார்த்தார். அவ்வளவு சீக்கிரம் யாரும் அவரிடம் அப்படிச் சொன்னதில்லை போலும்.

முடியும் என்று சொல்லிவிட்டேனே தவிர, எடை பார்க்க நிலையத்தில் தராசு கிடையாது. குப்பத்தில் இருந்தது. குழந்தையின் அத்தை, அதாவது அந்த அக்கா, மயிலாப்பூர் சந்தையில் மீன் விற்பவர். உயரமான மனுஷி. கூடையைத் தலையில் வைத்துக்கொண்டு பாலத்தைத் தாண்டி நடந்தால் பின்னால் வரும் ஆள் ஓட வேண்டும். அவருடைய தராசைக் கேட்டதும் இடுப்பில் கை வைத்துக்கொண்டார்.

"இன்னா நர்சம்மா, மீன் தட்டுல கொழந்தையையா வெப்பே?"

"தட்டைச் சாம்பல் போட்டுத் தேய்ச்சு, வெந்நீர் ஊத்திக் கொடுங்கக்கா. மேலே துணி போட்டு வெக்கிறேன். அந்தப் பக்கத் தட்டுலயும் அதே மாதிரி ஒரு துணி. அப்போ துணியோட எடை ரெண்டு பக்கமும் சரியாப் போயிடும்."

"அது எனக்குத் தெரியாதா?" என்று சிரித்தார். தட்டை மூன்று தரம் தேய்த்தார். நானே மோந்து பார்த்த பிறகுதான் சரி என்றேன்.

குழந்தை ஒரு வீசையும் பதினாலு பலமும் இருந்தது. வீசைக்கு நாற்பது பலம், ஆக ஐம்பத்து நாலு பலம். அதில் ஆறில் ஒரு பங்கு ஒன்பது. ஒரு நாளைக்கு ஒன்பது பலம் ஆகாரம். டாக்டருக்குத் தெரிந்ததெல்லாம் பவுண்டும் அவுன்ஸும். அக்காவுக்குத் தெரிந்தது வீசையும் பலமும். ஆறில் ஒரு பங்குக்கு அந்த வித்தியாசமெல்லாம் தெரியாது. எந்தக் கல்லில் நிறுத்தாலும் அது ஆறில் ஒரு பங்குதான். எனக்கு அன்றைக்கு அதில் ஒரு தனிச் சந்தோஷம். பாலையும் அதே தராசில், ஒரு சின்னப் பித்தளைச் செம்பில் ஊற்றி நிறுத்துவிடுவது என்று முடிவு செய்தேன்.

ஒன்பதில் மூன்றில் இரண்டு பங்கு ஆறு. ஆறு பலம் பால், மூன்று பலம் தண்ணீர். அன்றைக்கு நானே கலந்து, மூக்கு வைத்த சின்னப் பாலாடைக் கிண்ணத்தில் எடுத்து, குழந்தையின் உதட்டோரத்தில் சொட்டுச் சொட்டாக விட்டேன். கண்ணை மூடிக்கொண்டு குடித்தது. கிளம்பும்போது அக்காவிடம், "ஆறு பலம் பால் வாங்குங்க. மூணுல ஒரு பங்கு தண்ணி சேருங்க" என்று சொல்லிவிட்டுப் போனேன்.

மறுநாள் சாயங்காலம் போனால் அக்கா வாசலிலேயே நின்றிருந்தார்.

"கொழந்த கக்கிக்கினே கீது நர்சம்மா. நீ சொன்ன மாதிரிதான் குடுத்தேன்."

"எப்படிக் கலந்தீங்க?"

"ஆறு பலம் பாலு. அதுல மூணுல ஒரு பங்கு ரெண்டு. ரெண்டு பலம் தண்ணி ஊத்துனேன். இன்னா தப்பு?"

நான் சொன்ன வார்த்தைக்கு அவர் போட்ட கணக்கு சரியாகத்தான் இருந்தது. என் வார்த்தைதான் பாதியில் நின்றுவிட்டது. எதில் மூன்றில் ஒரு பங்கு என்று நான் சொல்லவில்லை. பாலில் மூன்றில் ஒரு பங்கு என்று அவர் எடுத்துக்கொண்டார். டாக்டர் சொன்னது மொத்தத்தில் மூன்றில் ஒரு பங்கு. பால் கெட்டியாகிப் போயிருந்தது.

மணலில் உட்கார்ந்துகொண்டு சொல்லிப் பார்த்தேன். "அக்கா, மொத்தம் எவ்வளவுன்னு நமக்குத் தெரியாதுன்னு வெச்சுக்குங்க. அந்தத் தெரியாத மொத்தத்துல மூணுல ரெண்டு பங்குதான் இந்த ஆறு பலம் பால். அப்போ மொத்தம் எவ்வளவு?"

அக்கா கடலைக் கை காட்டினார். "கட்டுமரப் பங்கு மாதிரி சொல்லு."

"எப்படி?"

"மீன்பாடு வந்துச்சுன்னா மூணு பங்கு போடுவோம். ஒரு பங்கு மரத்துக்கும் வலைக்கும். ரெண்டு பங்கு ரெண்டு ஆளுக்கு. ஆளுங்க ரெண்டு பேருக்கும் சேத்து ஆறு கூடன்னா, ஒரு பங்கு மூணு கூட. மொத்தம் ஒம்பது." சொல்லி முடித்ததும் வாயைப் பொத்திக்கொண்டார். "ஐயோ, அப்ப தண்ணி மூணு பலமா? ரெண்டு ஊத்திட்டனே!"

"அவ்வளவுதான்கா. ரெண்டால வகுத்து மூணால பெருக்கிட்டீங்க."

"நான் எதையும் பெருக்கல. பங்கு போட்டேன்."

இரண்டும் ஒன்றுதான் என்று விளக்க நான் முயலவில்லை. அவருக்கு விடை கிடைத்துவிட்டது, அது சரியான விடை. கெட்டியான பாலைக் கொட்டிவிட்டுப் புதிதாகக் கலந்தோம். அன்று இரவு குழந்தை கக்கவில்லை என்று மறுநாள் சொன்னார்.

அதற்கு அப்புறம்தான் மழை நிஜமாகவே கொட்டியது. அடையாறு இரண்டு கரையும் தெரியாமல் ஓடியது. சவுக்குத் தோப்பில் முழங்கால் தண்ணீர். மாட்டை ஓட்டிக்கொண்டு வந்து வாசலில் கறந்து கொடுக்கும் பால்காரர் வரவில்லை. அவர் மாடு நின்ற கொட்டகையே போய்விட்டதாகச் சொன்னார்கள். அடையாற்றில் நான் கேட்ட வீடுகளில் எல்லாம் அவர்கள் குழந்தைகளுக்கே பால் இல்லை. ஒரு வீட்டில் கொஞ்சம் ஆட்டுப்பால் கொடுத்தார்கள், அது அன்று காலைக்கே போதவில்லை. குழந்தையின் குரல் மெலிந்தது. அழுகிற குழந்தையைப் பற்றி எனக்குக் கவலை கிடையாது. அழாத குழந்தைதான் கவலை.

தகப்பனார் அந்த மழையிலேயே சுற்று வழியாக ஆஸ்பத்திரிக்குப் போயிருந்தார், பெண்டாட்டியைப் பார்க்க. மத்தியானம் திரும்பி வந்தார். இடுப்பில் கட்டிய துண்டுக்குள் மூன்று சின்னத் தகர டின்கள். பட்டாளத்துக்காரர்களுக்கு வருகிற பால் டின். லேடி டாக்டர் எங்கிருந்தோ வாங்கிக் கொடுத்திருந்தார்.

"நர்சம்மா கையில குடுக்கச் சொன்னாங்க. இது பாலு. சக்கர போடாம, பாதியா சுண்டக் காச்சுனதுன்னு சொல்லு, அவளுக்குத் தெரியும்னாங்க." டின்களைத் தரையில் வரிசையாக வைத்தார். அப்புறம் சொன்னார்: "அவளுக்கு என்னைய அடையாளம் தெரியல."

அக்கா முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். நான் டின்னைத் திறந்தேன். அந்த நேரத்தில் எனக்குச் செய்யத் தெரிந்தது அதுதான். கெட்டியாக, லேசான மஞ்சள் நிறத்தில் இருந்தது.

மனதுக்குள் கணக்கு ஓடியது. எனக்கு வேண்டியது ஆறு பலம் சாதாரணப் பால். அது பாதியாகச் சுண்டினால் மூன்று பலம். ஆக டின்னிலிருந்து மூன்று பலம். இந்த மூன்று, சுண்டுவதற்கு முன் ஆறு. அந்த ஆறு, மொத்தத்தில் மூன்றில் இரண்டு பங்கு. மொத்தம் ஒன்பது. மூன்று போக மீதி ஆறும் தண்ணீர். திரும்பவும் கீழிருந்து மேலே ஒரு தரம் சரிபார்த்தேன். சரியாக வந்தது. செம்பில் மூன்று பலம் பாலை நிறுத்து ஊற்றினேன். அப்புறம் தண்ணீரை நிறுத்தேன். ஒன்று, இரண்டு, மூன்று. நாலாவது பலம் நிறுக்கும்போது தகப்பனார் என் கையைத் தடுத்தார்.

"இன்னா பண்றே? மூணு பலம் பாலுக்கு எவ்ளோ தண்ணி ஊத்துவே?"

"ஆறு பலம் அண்ணே."

"பாலவிட ரெண்டு பங்கு தண்ணியா? பால்காரன் கூட இப்டிப் பண்ண மாட்டான்! எம் பொண்டாட்டி அங்க கெடக்கா, கொழந்தைய நீ இங்க பட்டினி போட்டுக் கொல்லப் போறியா?" டின்னைப் பிடுங்கிக்கொண்டார். "அப்டியே ஊத்து. கெட்டியாக் குடிக்கட்டும். ஒடம்பு தேறும்."

"டேய், அவ படிச்சவடா" என்றார் அக்கா.

"படிச்சவ வயசு இன்னா?"

எனக்குக் கோபம் வரவில்லை. அவர் கோபமே என்மேல் இல்லை என்று தெரிந்தது. ஆனால் அந்தக் கெட்டிப் பால் உள்ளே போனால் குழந்தையின் வயிறு தாங்காது என்பதும் தெரிந்தது. என் கணக்கு சரி. அது எனக்கு மட்டும் சரியாக இருந்தால் போதாது, அவருக்கும் சரியாக இருக்க வேண்டும். அந்த டின் அவர் கையில் இருந்தது.

"அண்ணே, டின்ல மிச்சம் இருக்கிற பால்லேர்ந்து ஒரு கரண்டி எடுங்க. இந்தத் தம்ளர்ல ஊத்துங்க. அதே கரண்டியால ஒரே ஒரு கரண்டி தண்ணி ஊத்துங்க. இப்போ குடிச்சுப் பாருங்க."

முறைத்தார். ஆனாலும் செய்தார். வாயில் ஊற்றி, நாக்கால் சுழற்றி, விழுங்கினார். அக்காவும் ஒரு வாய் வாங்கிக் குடித்தார்.

"எப்படி இருக்கு?"

"பசும்பால் மாதிரிதான் கீது" என்றார் மெதுவாக. "கொஞ்சம் டின் வாசன."

"தண்ணி கலந்த பாலா? கலக்காத பாலா?"

"கலக்காத பாலு."

"அப்போ மூணு பலத்துக்கு மூணு பலம் ஊத்தினா அது கலக்காத ஆறு பலம் பால். பட்டாளத்துக்காரங்க எடுத்த தண்ணியை நாம திருப்பி ஊத்தினோம், அவ்வளவுதான். இன்னும் நாம குழந்தைக்காகத் தண்ணியே சேர்க்கல." அக்காவின் பக்கம் திரும்பினேன். "ஆறு பலம் கலக்காத பாலுக்குத் தினம் எவ்வளவு தண்ணி சேர்ப்பீங்க?"

"மூணு" என்றார் அக்கா உடனே. அப்புறம் தம்பியின் தோளில் ஒரு அடி வைத்தார். "மூணும் மூணும் ஆறு. ஊத்தவுடு அவள."

அவர் டின்னைக் கீழே வைத்தார். நான் மீதித் தண்ணீரையும் நிறுத்து ஊற்றினேன். துளி சர்க்கரை போட்டு, அடுப்பில் சூடாக்கி, முதல் வேளைக்கு வேண்டியதைப் பிரித்து எடுத்தேன். பாலாடையை எடுக்கப் போனபோது தகப்பனார் கையை நீட்டினார். நான் கொடுத்தேன். வலை இழுத்துக் காய்ப்புக் காய்த்த கை. குழந்தையின் தலை அந்த உள்ளங்கைக்குள் அடங்கிவிட்டது. ஒவ்வொரு சொட்டும் உள்ளே போகிறதா என்று தொண்டையையே பார்த்துக்கொண்டு கொடுத்தார். கடைசிச் சொட்டு முடிந்த பிறகும் அசையாமல் உட்கார்ந்திருந்தார். கக்குமோ என்று மூவரும் காத்திருந்தோம். குழந்தை ஒரு ஏப்பம் விட்டது. தூங்கிவிட்டது.

திறந்த டின்னை மறுநாளைக்கு வைக்கக் கூடாது என்று சொல்லியிருந்தேன். மிச்சமானதைப் பக்கத்துக் குடிசைப் பிள்ளைகளுக்கும் தன் டீக்கும் அக்கா பங்கு போட்டுக்கொண்டார். பட்டாளத்து டீ என்று அதற்குப் பெயர் வைத்தார். மூன்று டின்னும் தீர்வதற்குள் வெயில் வந்துவிட்டது. வேறொரு பால்காரர் மாட்டை ஓட்டிக்கொண்டு வந்தார். நாங்கள் பழைய ஆறுக்கும் மூன்றுக்கும் திரும்பினோம். குழந்தையின் எடை ஏற ஏற நான் ஆறில் ஒரு பங்கை மாற்றிச் சொல்வேன். சொல்வதற்குள் அக்காவே சொல்லிவிடுவார். அது ஒன்றரை வீசையைத் தொட்ட அன்று அவர் தராசைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு பக்கத்துக் குடிசைப் பெண்களையெல்லாம் கூப்பிட்டுக் காட்டினார். அன்று முதல் தடவையாக ஒன்பதைப் பத்தாக்கினோம்.

ஆஸ்பத்திரியில் தாய்க்கும் காய்ச்சல் இறங்கியது. முதலில் புருஷனை அடையாளம் தெரிந்துகொண்டாள். அப்புறம் கஞ்சி கேட்டாள். அழைத்துப் போகலாம் என்று டாக்டர் சொன்ன அன்று நானும் ஜட்காவில் போனேன். எலும்பும் தோலுமாக இருந்தாள். டாக்டர் என்னிடம் டின் பாலை எப்படிக் கலந்தாய் என்று கேட்டார். சொன்னேன். "ம்" என்று தலையாட்டினார். "இனிமேல் இந்த மாதிரிக் குழந்தைகளை உன் பக்கம் அனுப்புவேன்" என்றார். அனுப்பவும் செய்தார்.

குடிசையில் தாயின் மடியில் குழந்தையை வைத்தேன். பாலாடைக்குப் பழகிய குழந்தை, மார்பைக் கண்டதும் முகத்தைத் திருப்பிக்கொண்டது. தாய் அழ ஆரம்பித்துவிட்டாள். "எம் பொண்ணு என்னைய வேணாங்குது நர்சம்மா."

"அதுக்கு இன்னும் யார் என்னன்னே தெரியாது. பழக்கம்தான். பயப்படாதே" என்று சொல்லி, பாலாடையால் இரண்டு சொட்டு மார்பிலேயே விட்டுக் காட்டினேன். நக்கியது. மறுபடி திரும்பிக்கொண்டது. மறுபடி விட்டேன். அவசரப்படவில்லை. வெளியே தகப்பனார் வலையைக் காய வைக்கிற சாக்கில் அங்கேயே சுற்றிக்கொண்டிருந்தார். வெயில் நகர்ந்து வாசல் வரை வந்தபோது குழந்தை பிடித்துக்கொண்டது. தாய் மூச்சை அடக்கிக்கொண்டாள்.

வெகுநேரம் குடித்தது. தானாக விட்டுவிட்டு, வாய் திறந்தபடியே உறங்கிப்போனது.

"எவ்ளோ குடிச்சிருக்கும் நர்சம்மா?" என்று தாய் காதோடு கேட்டாள். "அக்கா சொல்லிச்சு, ஒரு நாளைக்கு இத்தினி பலம்னு கணக்கு கீதாமே. பத்தலன்னா?"

"தூங்குது பாரு. போதும்."

அவள் குனிந்து பார்த்துக்கொண்டே இருந்தாள். நான் பாலாடையைக் கொதிக்கும் தண்ணீரில் போட்டு எடுத்துத் துடைத்து அக்காவிடம் கொடுத்தேன். பையை எடுத்துக்கொண்டு வெளியே வந்தபோது தகப்பனார் ஓலையில் சுற்றிய ஒரு பெரிய மீனை நீட்டினார். மழைக்கு அப்புறம் முதல் தரம் கடலுக்குப் போய் வந்திருந்தார். பஸ்ஸில் ஏற்ற மாட்டார்கள் என்று சொன்னேன். "அப்ப நடந்து போ" என்று சொல்லிச் சிரித்தார். அவர் சிரித்து நான் அன்றைக்குத்தான் பார்த்தேன். மீனைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, வெள்ளம் வடிந்த பாலத்தின் மேல் மயிலாப்பூர் வரை நடந்தே போனேன்.